ஆன்டிவைரஸை அணைக்கச் சொல்லும் நிரல்

வணக்கம் நேயர்களே. லேப்டாப்பை ஃபார்மட் செய்யக் கொடுக்கும்போது, "விண்டோஸ், ஆபீஸ் எல்லாம் போட்டுக் கொடுங்க" என்று சொல்லிவிட்டு வந்துவிடுகிறோம். அந்த 'எல்லாம்' என்பதற்குள் பல நேரம் ஆக்டிவேட்டர் ஒன்றும், அதாவது உரிமம் வாங்காத விண்டோஸையும் ஆபீஸையும் வாங்கியதுபோல் காட்டும் நிரலும், சேர்ந்து வந்துவிடுகிறது. கேஎம்எஸ்பிகோ இதில் பேர்போனது.

பெரிய நிறுவனங்கள் தங்கள் கணினிகளுக்கென்று உரிமத்தைச் சரிபார்க்கச் சொந்தமாக ஓர் ஆக்டிவேஷன் சர்வர் வைத்துக்கொள்ள மைக்ரோசாஃப்ட் அனுமதிக்கிறது. அதன் மூலம் பெறும் ஆக்டிவேஷன் 180 நாள் செல்லும்; அதற்குள் புதுப்பிக்க வேண்டும். ஆக்டிவேட்டர் செய்வது, உங்கள் கணினிக்குள்ளேயே அப்படி ஒரு போலி சர்வரை நடத்துவதுதான். அதற்கு அட்மின் அதிகாரம் வேண்டும். 'முதலில் டிஃபெண்டரை அணைத்துவிடுங்கள்' என்றும் சொல்வார்கள்; அது விண்டோஸோடு வரும் ஆன்டிவைரஸ். காவல்காரரை நாமே வீட்டுக்கு அனுப்பிவிட்டு முகம் தெரியாதவரிடம் சாவியைக் கொடுக்கிறோம்.

2021இல் கேஎம்எஸ்பிகோ என்ற பெயரில் உலவிய ஒரு கோப்புக்குள் கிரிப்ட்பாட் என்ற திருட்டு நிரல் இருந்தது. கேட்ட ஆக்டிவேட்டரையும் அது நிறுவிவிடும். அதனால் யாருக்கும் சந்தேகம் வராது. பின்னணியில் பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகள் திருடுபோய்விடும். ஸ்டாப் என்ற ரான்சம்வேரும் இதே வழியில் பரவியது. கோப்புகளைப் பூட்டிவிட்டு 980 டாலர் கேட்கும். 72 மணி நேரத்துக்குள் வந்தால் பாதி விலையாம், என்ன தாராளம்!

சட்டமும் இருக்கிறது. திருட்டு நகல் என்று தெரிந்தே பயன்படுத்தினால், நம் பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவில் சிறைத் தண்டனைக்கே இடமுண்டு.

வேடிக்கை என்னவென்றால், பல லேப்டாப்களில் விண்டோஸ் உரிமம் வாங்கும்போதே வந்திருக்கும். ஹோம் பதிப்போடு வந்ததில் ப்ரோவைப் போட்டுவிட்டு, ஆக்டிவேட் ஆகவில்லை என்று ஆக்டிவேட்டரை ஓட்டுவார்கள். வந்த பதிப்பையே திரும்ப நிறுவி இணையத்தில் இணைத்தால் பெரும்பாலும் தானே ஆக்டிவேட் ஆகிவிடும். கடையில் கொடுக்கும் முன் செட்டிங்ஸில் ஆக்டிவேஷன் பக்கத்தைத் திறந்து எந்தப் பதிப்பு என்று குறித்துக்கொள்ளுங்கள்.

உரிமமே இல்லையா? விண்டோஸுக்குப் பதிலாகப் போடக்கூடிய லினக்ஸ் மின்ட் இலவசம். கடிதம், கணக்கு எழுத லிப்ரே ஆபீஸ் போதும். அதில் தமிழ் இடைமுகமும் உண்டு. வேர்டுதான் வேண்டுமென்றால் மைக்ரோசாஃப்ட் கணக்கு தொடங்கி பிரவுசரிலேயே இலவசமாகப் பயன்படுத்தலாம்.

ஏற்கெனவே ஆக்டிவேட்டர் போட்டிருந்தால் படங்களையும் ஆவணங்களையும் மட்டும் வெளியே நகலெடுத்துவிட்டு, விண்டோஸைப் புதிதாக நிறுவுங்கள். அப்புறம் மின்னஞ்சல், வங்கி பாஸ்வேர்டுகளை மாற்றுங்கள். அதை அந்தக் கணினியில் செய்யாமல் வேறு கருவியில் செய்யுங்கள். நன்றி, வணக்கம்.