பேன்ட்டைப் பறித்த துப்பாக்கி: பிரெஞ்சு டிவியில் ஒரு சிரிப்பு வெடி!

வணக்கம் நண்பர்களே! மாடிப்படியில் உள்ளாடையோடு ஒரு கல்யாண மாப்பிள்ளை. கையில் துப்பாக்கி. படியேறி வந்த அப்பாவி குமாஸ்தாவை மிரட்டி, பேன்ட்டைக் கழற்ற வைக்கிறார். அந்தத் துப்பாக்கிக்குள் என்ன இருந்தது? சொல்கிறேன், இருங்கள்.

பிரெஞ்சு நாடக ஆசிரியர் ஜார்ஜ் ஃபேதோவின் 'அன் ஃபில் ஆ லா பாத்' நாடகம் இது. 1894, பாரிஸ். 1961-ல் கொமெதி ஃபிரான்சேஸ் அரங்குக்காக ழாக் ஷரோன் இதை இயக்கினார். 1970-ல் டிவிக்கு வந்தது. நாடகத்தின் பெயருக்குக் காலில் கட்டிய கயிறு என்று அர்த்தம். நம் ஊரில் காலைச் சுற்றிய பாம்பு என்போமே, கிட்டத்தட்ட அதுதான்.

இப்போது எனக்கு ரொம்பப் பிடித்த இடம். மாப்பிள்ளைக்கு அன்று மாலை கல்யாண ஒப்பந்தம். காதலி லூசெட்டிடம் அதைச் சொல்லத் தைரியமில்லை. ஆனால் அன்றைய 'ஃபிகாரோ' பத்திரிகையிலேயே செய்தி வந்துவிட்டது! லூசெட் வீட்டில் கிடந்த பத்திரிகையை ஒளித்து மூச்சு விடுகிறார். அடுத்து வருபவர் கையிலும் ஃபிகாரோ! பிடுங்கி ஒளித்தால், இன்னொன்று. ஒரு நாளிதழை வைத்து இவ்வளவு பதற்றம் கிளப்ப முடியுமா? பிரமாதம்!

சரி, குமாஸ்தா பூஸானாக வருபவர் ரொபேர் இர்ஷ். பாரிஸ் ஒப்பராவில் பாலே ஆடிவிட்டு நடிக்க வந்தவர். அவர் பதறும்போது முழங்காலும் முழங்கையும் சேர்ந்து பதறும். இவருக்காகவே பார்க்கலாம்.

இந்த மாதிரி நாடகத்தை டிவியில் காட்டுவது லேசில்லை. மூன்றாம் அங்கத்தில் மேடையின் ஒரு பக்கம் மாடிப்படி, மறுபக்கம் அறை, நடுவில் ஒரு கதவு. கதவு அறைந்து சாத்திக்கொள்ள, மாப்பிள்ளை வெளியே மாட்டிக்கொள்கிறார். இரண்டு பக்கமும் சேர்ந்து தெரிந்தால்தான் சிரிப்பு. கேமரா முகத்துக்குக் கிட்டே போனால் கதவு காணாமல் போகும், தள்ளி நின்றால் இர்ஷின் முகம் காணாமல் போகும். என்னைக் கேட்டால், தள்ளி நிற்பதே மேல்.

அப்புறம் அந்தத் துப்பாக்கி! லூசெட் தற்கொலை செய்துகொள்வதாக மிரட்டக் கொண்டுவந்த மேடைச் சாமான் அது. விசையை அழுத்தினால் குண்டு வராது, விசிறிதான் விரியும். பாவம், பூஸானுக்கு அது தெரியாது. பேன்ட் இல்லாமல் நின்ற அவரைத்தான் போலீஸும் பிடித்துக்கொண்டு போகிறது!

நீங்கள் மாப்பிள்ளை கட்சியா, பூஸான் கட்சியா? கமெண்டில் சொல்லுங்கள். நான் பூஸான் கட்சி!