திருமால்குன்றத்துப் பிலவாயில்

அவையோருக்கு வணக்கம்.

காலத்தைக் கடக்கும் ஒளிவாயில் என்றதும் இன்றைய பிள்ளைகளின் மனத்தில் எழுவது, நீல ஒளி சுழலும் ஒரு வளையம். அதற்குள் காலை வைத்தால் வேறு நூற்றாண்டு, வேறு உலகம். இந்தக் கற்பனை கடல் கடந்து வந்தது என்றே பலரும் எண்ணுகிறார்கள். சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையை அவர்கள் ஒருமுறை வாய்விட்டுப் படிக்க வேண்டும் என்பது என் ஆசை.

உறந்தையை, அதாவது உறையூரைக், கடந்து வந்த கோவலனிடம் மாங்காட்டு மறையோன் மதுரைக்கு வழி சொல்கிறான். கொடும்பை நெடுங்குளத்தின் கரையில், சிவபெருமானின் சூலம்போலப் பாதை மூன்றாகப் பிரிகிறது. இடப்பக்கத்து வழி திருமால்குன்றத்துக்குப் போகிறது. இன்றைய அழகர்மலை அது. அங்கே ஒரு பிலம், அதாவது குகை; அதற்குள் மூன்று பொய்கைகள். புண்ணிய சரவணத்தில் ஆடினால் இந்திரன் தந்த ஐந்திரம் என்னும் இலக்கண நூலின் அறிவு கைகூடும். இட்டசித்தியில் ஆடினால் நினைத்தது கிடைக்கும். நடுவில் சொல்லப்படும் பவகாரணியில் ஆடினால், முற்பிறப்பு தெரியும்.

பிலத்துக்குள் எளிதில் நுழைந்துவிட முடியாது. திருமாலை மனத்தில் நிறுத்தி மலையை மும்முறை வலம்வர வேண்டும். அப்போது சிலம்பாற்றங்கரையில், பூத்த கோங்க மரத்தின் அருகே, பொற்கொடி மின்னலைப் போல ஒருத்தி தோன்றுவாள். வரோத்தமை என்பது அவள் பெயர். இம்மை இன்பம் எது, மறுமை இன்பம் எது, இரண்டுமின்றி என்றும் நிலைத்து நிற்பது எது என்று கேட்பாள். விடை சொன்னவர்களுக்குத் 'திறந்தேன் கதவு' என்பாள். உள்ளே வாயில்கள் பல. இரட்டைக் கதவு கொண்ட ஒன்றின் அருகே இன்னொருத்தி நின்று, முடிவில்லாத இன்பம் எது என்று கேட்பாள். விடை தெரியாவிட்டாலும் துன்பம் செய்யமாட்டாள், வழியில் கொண்டுபோய் விட்டுவிடுவாள். அந்தக் கருணையை நான் ஒவ்வொரு முறையும் நின்று படிப்பேன்.

இயற்பியலாரும் ஒரு வாயிலை எழுதிப் பார்த்திருக்கிறார்கள். 1935இல் ஐன்ஸ்டைனும் ரோசனும் வெளியின் இரு பகுதிகளை இணைக்கும் பாலத்தைச் சமன்பாட்டில் கண்டார்கள். ஒளிகூடக் கடந்து முடிப்பதற்குள் அது மூடிக்கொள்ளும் என்று 1962இல் ஃபுல்லரும் வீலரும் காட்டினார்கள். திறந்தே வைத்திருக்க எதிர்மறை ஆற்றல் கொண்ட பொருள் வேண்டும் என்பது 1988இல் மோரிஸும் தோர்னும் சொன்னது. அங்கே கதவைத் தாங்குவது பொருள். நம் காப்பியத்தில் கதவைத் திறப்பது ஒரு விடை.

கோவலன் அந்தக் கதவருகே போகவேயில்லை. உடன்வந்த சமணத் துறவி கவுந்தியடிகள் மறுத்துவிட்டார். 'இறந்த பிறப்பின் எய்திய எல்லாம் பிறந்த பிறப்பில் காணாயோ நீ' என்று மறையோனைக் கேட்டு வழியனுப்பிவிடுகிறார். அந்த மறுமொழியின் கம்பீரத்தில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனாலும் நெஞ்சு பதறுகிறது. கோவலனின் முற்பிறப்பு என்ன? கலிங்க நாட்டுச் சிங்கபுரத்தில் பரதன் என்ற பெயரில் அரசனிடம் பணிசெய்தவன். கபிலபுரத்திலிருந்து அணிகலன் விற்க வந்த சங்கமன் என்னும் வணிகனை ஒற்றன் என்று பொய் சொல்லிக் கொல்வித்தவன். சங்கமனின் மனைவி நீலி பதினான்கு நாள் அலைந்து, மலையேறி, சாபமிட்டு உயிர்விட்டாள். மதுரையில் காத்திருந்ததும் அதே போன்ற ஒரு பொய்ப்பழிதான். பவகாரணியின் நீர் அதைக் காட்டியிருக்குமே! காட்டியிருந்தால் அவன் அந்த ஊருக்குப் போயிருப்பானா? இளங்கோவடிகள் அந்தக் கேள்விக்கு விடை தரவில்லை. கவுந்தியின் சொல்லோ அப்படியே பலிக்கிறது. முன்பு செய்ததை அவன் இந்தப் பிறப்பிலேயே, கொலைக்களத்தில், கண்டுவிடுகிறான், இன்னதென்று அறியாமல்.

அந்த முற்பிறப்புக் கதையைக் கேட்கும் பேறு கண்ணகிக்கே வாய்த்தது. கோவலன் மாண்ட பிறகு, மதுரை எரிந்துகொண்டிருக்கும்போது, மதுராபதித் தெய்வம் வந்து சொல்கிறது. அவள் முன்னே வர அதற்குத் துணிவில்லை. முதுகுக்குப் பின்னால் நின்று, 'என் குறையைக் கேட்பாயாக' என்று தொடங்குகிறது.