ஓசை கட்டும் தீவுகள்

நேயர்களுக்கு வணக்கம். இல்லாத ஓர் ஊரைப் பற்றிப் பேசத்தான் இன்றைக்கு வந்திருக்கிறேன். மட்டக்களப்பின் கல்லடிப் பாலத்தில் தொடங்கித் தெற்குப் பக்கமாக, வாவியில் வரிசையாக மிதக்கும் பத்துத் தீவுகள். கிலோமீற்றருக்கு ஒன்று. அவற்றைச் சேர்த்ததும் ஓசை, நகராமல் பிடித்து வைத்திருப்பதும் ஓசை.

மீன் பாடும் ஊரில் இருந்துகொண்டு இப்படி யோசிக்காவிட்டால்தான் அதிசயம். அக்காலத்தில் இலங்கையின் குடியேற்றநாட்டுச் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ட் 1848 இல் இங்கே வந்து, இரவில் படகுப் பலகையில் காதை வைத்து அந்த ஒலியைக் கேட்டிருக்கிறார். ஈர விரலால் கண்ணாடிக் கிண்ணத்தின் விளிம்பைத் தேய்த்தால் எழும் நாதம் போல என்று எழுதி வைத்தார். பாடுவது மீனா, ஊரி என்கிற நத்தையினமா என்ற வழக்கை இன்றைக்கு நான் எடுக்கப்போவதில்லை.

மிதப்பதில் பெரிய வில்லங்கம் இல்லை. மாரி வெள்ளத்தோடு வரும் ஆற்றுவாழையைப் பாருங்கள். வேரோடு வேர் பின்னி, இடையில் சேறு பிடித்து, கொக்கு மேலே நடந்து திரிகிற அளவுக்கு இறுகிவிடும். மணிப்பூரின் லோக்டாக் ஏரியில் இப்படியான மிதவைகளில் மீனவர்கள் குடிசையே போட்டார்கள். 1883 ஆகஸ்ட் 27 இல் கிரகத்தோவா எரிமலை வெடித்த சத்தம் 4,800 கிலோமீற்றருக்கு அப்பால் ரொட்ரிகஸ் தீவில் கேட்டது. அது கக்கிய நுரைக்கற்கள் திட்டுத்திட்டாக இந்து சமுத்திரத்தில் மாதக்கணக்கில் மிதந்தன.

சரி, ஓசை எப்படித் தீவைச் செய்யும்? சத்தம் பலமான இடத்தில் நிலம் குவியும் என்றுதான் எல்லோரும் முதலில் நினைப்பார்கள். வீட்டில் ஒருக்கால் செய்து பாருங்கள். வாயகன்ற சட்டி ஒன்றில் பொலித்தீனை இறுக்கி இழுத்துக் கட்டுங்கள். காய்ந்த கடற்கரை மணல் ஒரு சிட்டிகை தூவுங்கள். மூச்சுக்காற்று நேரே படாமல், கிட்ட நின்று ஒரே சுதியில் 'ஊ' என்று பாடுங்கள். சுதி பொருந்தும் இடத்தில் மணல் துள்ளத் தொடங்கும். துள்ளித் துள்ளி, தோல் அதிராத இடங்களாகப் பார்த்து ஒதுங்கிக் கோடாகக் கிடக்கும். சுதியை ஏற்றினால் கோடு கலைந்து வேறு கோலம் வரும். ஜேர்மானியரான கிளாட்னி உலோகத் தகட்டில் வயலின் வில்லை இழுத்து இதைச் செய்து காட்டி 1787 இல் நூலாக்கினார். 1934 இல் சி.வி. இராமன் மிருதங்கத் தோலில் மணல் தூவிப் பார்த்தது இதே வித்தைதான்.

ஆக, என் தீவுகள் நிற்பது அதிர்வு ஓய்ந்த இடங்களில். ஆர்ப்பாட்டமெல்லாம் இடையிலுள்ள நீர்ப்பரப்பில். தோணியில் அயல் தீவுக்குப் போகிறவர் பாதி வழியில் உலுக்கு வாங்கித்தான் போய்ச்சேர வேண்டும். இன்னொன்றும் உண்டு. மிக மெல்லிய தூள் மணலைப் போல ஒதுங்காது. அதிர்வு கிளப்பும் காற்றோட்டத்தில் இழுபட்டு, பலமாக அதிரும் இடத்திலேயே குவியும். 1831 இல் ஃபரடே கண்டுபிடித்தது இது. அதனால் வாவி நடுவில், உலுக்குகிற இடங்களில், மாவாய்ப்போன வண்டல் சேர்ந்து சின்னச் சின்ன மேடுகள் தோன்றட்டும். அங்கே யாரும் குடியிருக்கத் துணியமாட்டார்கள்.

இப்போது கணக்கு. காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள் விஞ்ஞானம் படித்தவர். 1947 இல் வந்த யாழ் நூலில், மறைந்துபோன யாழ்களை அவர் சுருதிக் கணக்குப் போட்டுத்தான் மீட்டார். நாமும் போடுவோம். தண்ணீரில் ஓசை செக்கனுக்கு ஏறக்குறைய 1,500 மீற்றர் ஓடும். அதிர்வில்லாத இடங்கள் அரை அலைநீளத்துக்கு ஒன்றாக வரும். கிலோமீற்றருக்கு ஒரு தீவு வேண்டுமென்றால் அலைநீளம் இரண்டு கிலோமீற்றர். அதாவது நாலு செக்கனுக்கு மூன்றே மூன்று அதிர்வு. நம் காது செக்கனுக்கு 20 அதிர்வுக்குக் கீழே எதையும் சுருதியாகக் கேட்பதில்லை. தங்களைத் தாங்கி நிற்கும் ஓசையைத் தீவு மக்கள் ஒரு நாளும் கேட்கப்போவதில்லை! இதை எழுதிப் பார்த்தபோதுதான் இந்தக் கற்பனை எனக்கே பிடித்துப்போனது.

பௌதிகம் படித்தவர்கள் இப்போது கையை உயர்த்துவார்கள். ஆழமில்லாத வாவியில் இவ்வளவு தாழ்ந்த ஓசை ஓடாதே என்பார்கள். உண்மை. கற்பனை உலகத்துக்கு ஒரு பொய் அனுமதி உண்டு, நான் அதை இங்கே செலவழித்துவிட்டேன். மற்றதெல்லாம் ஒழுங்காகவே நடக்கும்.

கூத்தையும் மறக்கவில்லை. செக்கனுக்கு 100 அதிர்வுள்ள ஒலி காற்றில் 3.4 மீற்றர் அலையாகும். தீவில் விடிய விடிய வடமோடி ஆடி மத்தளம் அடித்தால், காலையில் களரி மணல் வயல் வரம்பு மாதிரிப் பிரிந்து கிடக்கும். கூட்டி மட்டமாக்குவது அண்ணாவியாரின் வேலையா ஊராரின் வேலையா என்று ஒரு சண்டையும் வரும்.

பெரிய சண்டை காணிச் சண்டைதான். உவர்நீரில் ஓசை நன்னீரைவிட ஏறக்குறைய இரண்டு வீதம் வேகமாகப் போகும். மாரியில் வாவி நன்னீராகிவிடும். ஓசை மெதுவாகும், அலை குறுகும், தீவுகள் பாலத்தை நோக்கி நெருங்கும். கோடையில் உவரேற மறுபடி விலகும். முதல் தீவுக்கு இது 20 மீற்றர். பத்தாம் தீவுக்கு 200 மீற்றர் வரை. மழைக்கு ஆற்றுவாய் வெட்டிக் கடல்நீர் உள்ளே வந்துவிட்டால் கணக்கு இன்னும் குழம்பும். பத்தாம் தீவில் காணி வாங்குகிறவர் உறுதியில் வடக்கெல்லையை மாதம் சொல்லி எழுதுவிக்க வேண்டும்: மார்கழியில் இன்னாருடைய இறால் கூடு, ஆடியில் வெறும் தண்ணீர். அதற்குக் கையெழுத்து வைக்கிற நொத்தாரிசு மட்டும் எனக்கு இன்னும் அகப்படவில்லை.

நன்றி, வணக்கம்.