நிலம் கொடுத்தார், வழி விடவில்லை

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். 'மாலுமி வில்லியம் ஆடம்ஸுக்கு ஜப்பான் தந்தது வாழ்வா, சிறையா?' என்ற வழக்கில், சிறையே என்று வாதாட வந்திருக்கிறேன்.

எதிரணித் தோழி அடுக்கினார்: ஹெமி என்ற ஊரில் நிலம், உழுது கொடுக்க எண்பது தொண்ணூறு குடியானவர்கள், 'மியூரா அன்ஜின்' என்ற ஜப்பானியப் பெயர். அத்தனையும் உண்மை. எதற்காகக் கொடுத்தார்கள் என்பதை மட்டும் அவர் தொடவே இல்லை.

1600 ஏப்ரலில் லீஃப்டெ என்ற டச்சுக் கப்பல் ஜப்பானின் கியூஷு தீவுக் கரையை அடைந்தபோது, அதன் வழிகாட்டி இந்த ஆங்கிலேயர். எழுந்து நிற்கத் தெம்புள்ளவர்கள் சிலரே. ஜப்பானை ஆண்ட ஹிதெயோஷி இறந்து ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள், வாரிசோ சிறுவன். அதிகாரத்துக்காக மோதிய பிரபுக்கள் தொகுகாவா இயேயாசுவுக்கும் இஷிதா மித்சுநாரிக்கும் இடையே போர் மூளும் நேரம். அந்த நேரத்தில் பீரங்கியும் வெடிமருந்தும் ஏற்றிய கப்பல் வந்தால் யார் விடுவார்? 'இவர்கள் கடற்கொள்ளையர்கள், கொன்றுவிடுங்கள்' என்றார்கள் போர்த்துக்கீசியர்கள். இயேயாசு கொல்லவில்லை, ஒசாகாவில் ஒரு மாதத்துக்கும் மேல் அடைத்து வைத்தார். எந்த நேரமும் சிலுவையில் அறையப்படுவோம் என்று காத்திருந்ததாக ஆடம்ஸே எழுதுகிறார். நடுவர் அவர்களே, இந்த நட்பு தொடங்கிய இடம் அதுதான்!

அதே ஆண்டு அக்டோபரில் செகிகஹாரா போரில் இயேயாசு வென்றார். 1603-இல் ஷோகன், அதாவது நாட்டை ஆளும் படைத்தலைவர் ஆனார். பிறகு, 'ஒரு கப்பல் கட்டிக் கொடு' என்றார். 'நான் தச்சன் அல்லவே' என்றார் ஆடம்ஸ். விடவில்லை. எண்பது டன் கப்பல் தயாரானது. ஆடம்ஸ் அவருக்குக் கணிதமும் கற்பித்தார். சில ஆண்டுகள் கழித்து, மனைவி மக்களைப் பார்க்க ஊருக்குப் போகிறேன் என்று கேட்டார். இயேயாசு முகம் சுளித்தார்; மறுத்தார். 1605-இல் கப்பலின் தலைவர் குவாக்கர்நாக்குக்கு மட்டும் அனுமதி கிடைத்தது. தலைவர் போகலாம், வழிகாட்டி போகக் கூடாது! தேவைப்பட்டவரைப் பிடித்து வைத்தார், தேவைப்படாதவரை அனுப்பினார். விருந்தாளியை இப்படியா நடத்துவார்கள்?

'1613-இல் அனுமதி கிடைத்தும் அவர் போகவில்லையே' என்றார் தோழி. அவர்களின் வலுவான வாதம் இதுதான்; ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஆடம்ஸ் சொன்ன காரணம் என்ன? இத்தனை ஆண்டுகள் வீணாகிவிட்டன, வெறுங்கையோடு திரும்ப மனமில்லை என்பதே. மகிழ்ந்து வாழ்ந்தவர் பேசும் பேச்சா இது? அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 1611-இல், முகம் தெரியாத தன் நாட்டவருக்குக் கடிதம் எழுதி, நான் உயிரோடு இருப்பதை என் மனைவிக்கும் இரண்டு பிள்ளைகளுக்கும் தெரிவியுங்கள் என்று கெஞ்சியிருக்கிறார். போக வழியிருந்தவர் அந்தச் செய்தியை நேரிலேயே சொல்லியிருப்பார், நடுவர் அவர்களே.