பழி ஓரிடம், பாவம் ஓரிடம்

கூட்டத் தலைவர் அவர்களே, முன்வரிசையில் இருக்கும் ஓய்வுபெற்ற நீதிபதி ஐயா அவர்களே, எப்போது அழைத்தாலும் மறுக்காத நூலகர் அம்மா அவர்களே, எனக்கு முன்னால் அருமையாகப் பேசிய பேராசிரியர் அவர்களே, இடம் கிடைக்காமல் நின்றபடி கேட்கும் நண்பர்களே, எல்லோருக்கும் வணக்கம். நீதிபதி ஐயா உடம்பு சரியில்லாமல் இருந்தும் தலைப்பைக் கேட்டதுமே வருகிறேன் என்றார். எங்கள் குழுவின் சார்பில் அவருக்குத் தனியாக நன்றி.

மூன்று விஷயம் பேச வந்தேன். கொடுமைக்குப் பேர்போன ஒருவருக்குப் பிள்ளையாகப் பிறந்தவர் எப்படி வாழ்கிறார், ஊர் அவரை என்ன செய்கிறது, சட்டம் என்ன சொல்கிறது.

'பழி ஓரிடம், பாவம் ஓரிடம்' என்பார்கள். இந்தப் பழமொழியைச் சொல்லாமல் நான் எந்த மேடையிலிருந்தும் இறங்கியதில்லை.

நாஜிகள் பிடித்த போலந்தை ஆண்ட ஹான்ஸ் ஃபிராங்கை 1946-ல் நூரம்பெர்க்கில் தூக்கிலிட்டார்கள். மகன் நிக்லாஸுக்கு அப்போது 7 வயது. அவர் பிற்பாடு அப்பாவைக் கிழித்துப் புத்தகமே எழுதினார். ஹிட்லரின் எஸ்.எஸ். படைத் தலைவன் ஹிம்லரின் மகள் குட்ருனோ 2018-ல் சாகும்வரை அப்பாவை விட்டுக்கொடுக்கவில்லை, பழைய நாஜிகளுக்கு உதவும் அமைப்பிலும் வேலை செய்தார். அந்த வேலைக்காக அவரைத் தாராளமாகக் கேள்வி கேட்கலாம், அது அவரே செய்தது. ஹிம்லருக்குப் பிறந்ததற்காக என்னவென்று கேட்பது?

எனக்கு மனசில் நிற்பவர் கொலம்பியா போதைக் கடத்தல்காரன் பாப்லோ எஸ்கோபாரின் மகன். 1993 டிசம்பர் 2, அப்பா சுட்டுக் கொல்லப்பட்ட செய்தி வருகிறது, பையனுக்கு 16 வயது, தொலைபேசியில் பேசிய செய்தியாளரிடம், கொன்றவர்களை நானே கொல்லுவேன் என்று கத்திவிடுகிறான். நாடே கேட்கிறது. சரி, புலிக்குப் பிறந்தது பூனையாகுமா என்று எல்லோரும் முடிவுகட்டியிருப்பார்கள் அல்லவா? கொஞ்ச நேரத்தில் அவனே திரும்ப அழைக்கிறான். சொன்னதை வாபஸ் வாங்குகிறேன், பழிவாங்க மாட்டேன் என்கிறான். நண்பர்களே, அந்தச் சில நிமிடங்களில் ஒரு பையன் தனியாக எவ்வளவு தூரம் நடந்திருக்கிறான் பாருங்கள்! அப்புறம் அர்ஜென்டினாவில் செபாஸ்டியன் மரோகின் என்று வேறு பெயரில் வாழ்ந்து கட்டடக் கலைஞரானார். அங்கேயும் அவர் யாரென்று தெரிந்துபோய் வழக்கு, சிறை. அப்பா ஆள்வைத்துக் கொன்ற நீதியமைச்சர் லாரா போனில்லா, அதிபர் வேட்பாளர் கலான், இந்த இருவரின் பிள்ளைகளுக்கும் கடிதம் எழுதினார், நேரிலும் சந்தித்து மன்னிப்புக் கேட்டார். அவர்கள், நீயும் எங்களைப் போலப் பாதிக்கப்பட்டவன்தான் என்று ஏற்றுக்கொண்டார்கள். அப்பனைப் பறிகொடுத்த பிள்ளைகளுக்கே அந்த மனசு இருக்கும்போது, ஒன்றும் இழக்காத நாம் யார் தீர்ப்புச் சொல்ல? பழி ஓரிடம், பாவம் ஓரிடம் என்பது இதுதான்.

ஊர் என்ன செய்கிறது என்பதை இன்னொரு நாள் பேசுகிறேன், தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். சட்டத்துக்கு வருகிறேன். 1989-ல் ஐ.நா. ஏற்ற குழந்தை உரிமைகள் உடன்படிக்கையின் 2-வது பிரிவு, பெற்றோரின் நிலையோ செயலோ கருத்தோ காரணமாக எந்தக் குழந்தையும் பாகுபாட்டுக்கோ தண்டனைக்கோ ஆளாகக் கூடாது என்கிறது. ஏறக்குறைய எல்லா நாடுகளும் ஏற்றுக்கொண்ட உடன்படிக்கை இது. அப்படியிருந்தும் ஒருவர் கைதானால் அவருடைய பிள்ளையின் படம் செய்தியில் வருகிறது, படிக்கும் பள்ளியின் பெயர் வருகிறது. மறுநாள் அந்தப் பிள்ளை எந்த முகத்தோடு வகுப்புக்குப் போகும்?

அதைத்தான் எங்கள் குழு கேட்கிறது. பெற்றோர் செய்த குற்றத்தைப் பற்றி எழுதும்போது சின்னப் பிள்ளைகளின் பெயர், படம், பள்ளி எதுவும் வேண்டாம். பத்திரிகை, தொலைக்காட்சி ஆசிரியர்களுக்கு அனுப்பும் மனு வாசலில் மேசைமேல் இருக்கிறது. கையெழுத்துப் போடும்போது முகவரியையும் எழுதிவிடுங்கள், முகவரி இல்லாத கையெழுத்தைக் கணக்கில் எடுக்க மாட்டார்கள்.