மலையில் பாதி தெரிந்தால் போதும்

நேயர்களுக்கு வணக்கம்.

வரலாற்று அட்லஸ்களைப் பற்றிப் பேச வேண்டும் என்று அழைத்தார்கள். சரி என்று தலையாட்டிவிட்டு வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது, வானொலியில் வரைபடத்தை எப்படிக் காட்டுவது? இப்போதுகூட என் முன்னால் ஓர் அட்லஸ் விரிந்து கிடக்கிறது. உங்களுக்குத் தெரியாது. ஆனால் நான் இன்று பேச எடுத்துக்கொண்ட ஆட்களுக்கு இது ஒரு குறையாகவே பட்டிருக்காது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் வட ஐரோப்பாவிலிருந்து கப்பலேறிய வைக்கிங்குகள் வழியைக் காதால் கற்றவர்கள்.

முதலில் இந்தப் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று சொல்லிவிடுகிறேன். ஐரோப்பாவின் படம். மேலே நார்வே, சுவீடன், டென்மார்க். அங்கிருந்து தடித் தடியாகச் சிவப்பு அம்புகள் கிளம்புகின்றன. ஒன்று இங்கிலாந்துக்குப் போகிறது. அதன் நுனியில் லிண்டிஸ்பார்ன், 793 என்று எழுதியிருக்கிறது. கடலோரத் தீவில் இருந்த ஒரு மடத்தை அவர்கள் சூறையாடிய ஆண்டு அது. இன்னொரு அம்பு பிரான்சின் சேன் ஆற்றுக்குள் நுழைகிறது. ஒன்று ஐஸ்லாந்து, கிரீன்லாந்து எல்லாம் தாண்டி வட அமெரிக்காவைத் தொடுகிறது. வேறொன்று ரஷ்யாவின் ஆறுகள் வழியே இறங்கிக் கான்ஸ்டாண்டிநோபிள் வரை ஓடுகிறது. இங்கிலாந்தில் பாதிக்கு மஞ்சள் பூசியிருக்கிறார்கள். பார்த்தால், யாரோ ஒருவர் மேசையில் படத்தை விரித்து வைத்து, நீ இந்தப் பக்கம் போ, நீ அந்தப் பக்கம் போ என்று ஆட்களைப் பிரித்து அனுப்பியது போலவே இருக்கும்.

அப்படி மேசையும் இல்லை, படமும் இல்லை. வைக்கிங்குகள் வரைந்த வரைபடம் என்று ஒன்றுகூட நமக்குக் கிடைக்கவில்லை. இந்த அம்புகள் எல்லாம் பல நூறு ஆண்டுகளுக்குப் பிறகு வந்தவர்கள் போட்டவை. பழைய காலத்துக்கென்று தனியாகப் படம் போடும் பழக்கத்தைப் பரப்பியவர்களில் முக்கியமானவர் ஆண்ட்வெர்ப் நகரத்து ஆபிரகாம் ஓர்ட்டீலியஸ். 1570-இல் தன் உலக அட்லஸை அச்சிட்டார். 1579 முதல் அதன் பின்னால் பழங்கால நாடுகளின் படங்களை இணைக்கத் தொடங்கினார். புவியியல்தான் வரலாற்றின் கண் என்று அந்தப் பகுதியின் முகப்பில் பொறித்திருந்தது. கண்ணைச் சொன்னார், காதை விட்டுவிட்டார்.

காது என்றேனே, அதற்கு ஒரு சான்று. 14-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹௌக் எர்லண்ட்சன் என்ற ஐஸ்லாந்துக்காரர் தொகுத்து எழுதிய ஏட்டில், நார்வேயிலிருந்து கிரீன்லாந்துக்குப் போகும் வழி சில வரிகளில் இருக்கிறது. ஏறக்குறைய இப்படி: நார்வேயின் ஹெர்னாரிலிருந்து நேர் மேற்கே போ. ஷெட்லாந்துக்கு வடக்கே போகும்போது, வானம் நன்றாகத் தெளிந்திருந்தால் மட்டும் அந்தத் தீவு கண்ணுக்குத் தட்டுப்படும் தூரத்தில் போ. பரோ தீவுகளுக்குத் தெற்கே, மலைச்சரிவில் பாதி வரை கடல் ஏறி நிற்பது போலத் தெரியும்படி போ. ஐஸ்லாந்துக்குத் தெற்கே, அங்கிருந்து பறவைகளும் திமிங்கிலங்களும் வந்து சேரும் தூரத்தில் போ.

அவ்வளவுதான். அட்லாண்டிக்கைக் கடந்தாயிற்று.

அந்த மலைச்சரிவு விஷயத்தைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். கடல் எப்படி மலையில் பாதி வரை ஏறும்? பூமி வளைந்திருக்கிறது. தள்ளிப் போகப் போக மலையின் அடிவாரம் தொடுவானத்துக்குக் கீழே இறங்கிவிடும். சுமார் 600 மீட்டர் உயர மலையில் பாதி மறைய வேண்டும் என்றால், கப்பல் 60 கிலோமீட்டருக்குக் குறையாமல் விலகியிருக்க வேண்டும். ஆக, பாதி மலை என்பது கவிதை இல்லை, அளவு. மலை முழுசாகத் தெரிந்தால் கரைக்குப் பக்கத்தில் வந்துவிட்டாய், விலகு. உச்சி மட்டும் தெரிந்தால் ரொம்பத் தள்ளிவிட்டாய், கிட்டே வா. கப்பலின் முன்பக்கம் நிற்கும் சின்னப் பையனுக்குக்கூடப் புரியும். இதை அட்லஸில் போட்டால் என்ன ஆகிறது? ஒரே ஒரு புள்ளிக்கோடு. மலையும் போயிற்று, பறவையும் போயிற்று, திமிங்கிலமும் போயிற்று.

இன்னொருவரைச் சொல்கிறேன். 9-ஆம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில், ஓத்தெரே என்ற நார்வேக்காரர் இங்கிலாந்தின் ஆல்பிரட் மன்னரிடம் தன் பயணத்தைச் சொன்னார். நல்ல வேளையாக யாரோ அதை எழுதி வைத்தார்கள். வடநாட்டார் எல்லாரையும்விட வடக்கே குடியிருப்பவன் நான் என்கிறார். விற்காத 600 வளர்ப்புக் கலைமான்கள் தன்னிடம் உண்டு என்று பெருமையும் அடித்துக்கொள்கிறார். இன்னும் வடக்கே நிலம் எவ்வளவு தூரம் போகிறது, அங்கே யாராவது இருக்கிறார்களா என்று பார்க்கக் கிளம்பியிருக்கிறார். வலப்பக்கம் வெறும் நிலம், இடப்பக்கம் திறந்த கடல். மூன்று நாள் போனதும் திமிங்கில வேட்டைக்காரர்கள் திரும்பிவிடும் இடம் வந்தது. இவர் திரும்பவில்லை. இன்னும் மூன்று நாள். அப்புறம் நிலம் கிழக்கே வளைந்தது. இல்லை, கடல்தான் நிலத்துக்குள் புகுந்ததோ, எது என்று அவருக்குத் தெரியவில்லை. அங்கே மேற்குக் காற்றுக்காகக் காத்திருந்தது மட்டும் தெரியும்.

எனக்கு இந்த இடம் மிகவும் பிடிக்கும். இன்று படத்தைத் திறந்தால், நார்வேயின் உச்சியைச் சுற்றிக்கொண்டு வெள்ளைக் கடலுக்குப் போகும் அழகான வளைவு ஒன்று இருக்கும், பக்கத்தில் ஓத்தெரே என்று பெயர். வளைந்தது நிலமா கடலா என்ற அவருடைய தடுமாற்றத்துக்கு அந்த வளைவில் இடம் கிடையாது. அவருடைய அளவுகோல் கிலோமீட்டர் இல்லை, நாள். கடைசியில் அவர் ஒரு பெரிய ஆற்றின் வாயில் நின்றுவிட்டார். அக்கரையில் ஆட்கள் குடியிருந்தார்கள், வம்பு வேண்டாம் என்று நினைத்தார். அது எந்த ஆறு என்பதில் அறிஞர்கள் இன்றைக்கும் ஒத்துப்போகவில்லை. அம்பு மட்டும் தயங்காமல் ஓர் ஆற்றைத் தேர்ந்தெடுத்துக் குத்தி நிற்கிறது.

அந்த மஞ்சள் பூச்சுக்கு வருகிறேன். அதற்கு டேன்லா என்று பெயர் போட்டிருப்பார்கள், டேனியர் சட்டம் நடந்த பகுதி. ஆல்பிரட்டும் டேனியத் தலைவர் குத்ரமும் செய்துகொண்ட எல்லை ஒப்பந்தம் நம்மிடம் இருக்கிறது. தேம்ஸ் ஆற்றில் மேலே போ, லீ ஆற்றில் திரும்பு, அது பிறக்கும் இடம் வரை போ, அங்கிருந்து நேராக பெட்போர்டு, பிறகு ஊஸ் ஆற்றில் மேலே போய் வாட்லிங் சாலையைத் தொடு. அது ரோமானியர் போட்ட சாலை. ஒப்பந்தத்தில் எல்லை அதோடு நின்றுவிடுகிறது. அட்லஸ் நிற்பதில்லை, அந்தச் சாலையைப் பிடித்துக்கொண்டே வடமேற்கே ஒரு கோட்டை இழுத்து, வடக்கே உள்ளதையெல்லாம் மஞ்சளாக்கிவிடுகிறது. டேன்லா என்ற சொல்லே 11-ஆம் நூற்றாண்டில்தான் எழுத்தில் தலைகாட்டுகிறது. அதற்குள் குத்ரம் செத்து நூறு ஆண்டுக்கு மேல் ஆகிவிட்டது.

மஞ்சளை விட்டுவிட்டு ஊர்ப்பெயர்களைப் புள்ளி வைத்துப் பாருங்கள். வேறொரு இங்கிலாந்து தெரியும். டெர்பி, விட்பி, கிரிம்ஸ்பி; வால் போல ஒட்டியிருக்கும் அந்த ‘பி’ அவர்கள் மொழியில் பண்ணை, ஊர். யார்க்‌ஷயரிலும் லிங்கன்‌ஷயரிலும் புள்ளிகள் எள் சிந்தியது போல அப்பிக் கிடக்கும். குத்ரம் ஆண்ட கிழக்கு ஆங்கிலியாவிலோ, நார்போக் கடலோரத்தில் ஒரு மூலையைத் தவிர, அங்கொன்றும் இங்கொன்றும்தான். ஆண்டது ஓரிடம், ஏர் பிடித்து உட்கார்ந்தது இன்னோர் இடம். ஒரே மஞ்சளில் இது தெரியவே தெரியாது.

கிரீன்லாந்து கதையில் என்னுடைய அசட்டுத்தனமும் கலந்திருக்கிறது. அங்கே வைக்கிங் குடியேற்றங்கள் இரண்டு. ஒன்றுக்குக் கிழக்குக் குடியேற்றம் என்று பெயர், மற்றதற்கு மேற்குக் குடியேற்றம். கல்லூரியில் பாடம் நடத்திய காலத்தில் கரும்பலகையில் கிரீன்லாந்தை வரைந்து, கிழக்குக் கரையில் ஒரு புள்ளி, மேற்குக் கரையில் ஒரு புள்ளி என்று வைத்துவிட்டேன். பெயரே சொல்கிறதே, வேறென்ன செய்வது? தப்பு. இரண்டுமே மேற்குப் பக்கம்தான். கிழக்குக் குடியேற்றம் தீவின் தென்கோடியை ஒட்டி, இன்றைய ககோர்டோக் ஊரின் சுற்றுவட்டாரத்தில் இருந்தது. மேற்குக் குடியேற்றம் அதே கரையில் மேலே, இன்றைய தலைநகர் நூக் பக்கம். படத்தைப் பார்த்துப் பெயர் வைத்திருந்தால் தெற்கு, வடக்கு என்றுதான் வைத்திருப்பார்கள். ஆனால் அந்தக் கரை வடமேற்காகச் சாய்ந்து போகிறது. கரையோரமாகப் படகில் போகிறவனுக்கு முதலில் வருவது கிழக்கு, பிறகு வருவது மேற்கு. படகில் இருப்பவனுக்குச் சரி, பலகை முன் நிற்பவனுக்குத் தப்பு.

ஆறுதல் என்னவென்றால், இந்தத் தப்பைச் செய்த பெரிய மனிதர்கள் நிறையப் பேர். கிரீன்லாந்து வைக்கிங்குகளைப் பற்றிய கடைசி எழுத்துச் செய்தி ஒரு கல்யாணச் செய்தி. 1408-இல் ஹ்வால்சே தேவாலயத்தில் நடந்தது. அதன் பின் ஓசை இல்லை. 1721-இல் ஹான்ஸ் எகடே என்ற பாதிரியார் அவர்களைத் தேடிக்கொண்டு மேற்குக் கரையில் இறங்கினார். இன்யூட் மக்களைப் பார்த்தார், இடிபாடுகளைப் பார்த்தார். கிழக்குக் குடியேற்றம் அந்தப் பக்கம், பனிக்கட்டி அடைத்த கரையில் இன்னும் இருக்கும் என்று பலரும் நம்பினார்கள். படம் போட்டவர்கள் பழைய ஏடுகளில் இருந்த ஊர்ப்பெயர்களையும் தேவாலயங்களையும் எடுத்து, வைக்கிங்குகள் குடியேறாத கிழக்குக் கரையில் வரிசையாக நட்டார்கள். 1828 முதல் 1831 வரை வில்ஹெல்ம் கிராஹ் என்ற டேனியக் கடற்படை அதிகாரி இன்யூட் தோல்படகுகளில் அந்தக் கரையோரமாகப் போய்த் தேடினார். எதுவும் இல்லை. அவர்கள் தேடிய ஹ்வால்சே தேவாலயத்தின் கற்சுவர்களோ தென்மேற்கில் கூரையில்லாமல் நின்றுகொண்டிருந்தன. இன்றும் நிற்கின்றன.

அமெரிக்கக் கதை இதற்கு நேர்மாறு. அங்கே ஏமாற்றியதே ஒரு படம்தான். வின்லாந்து என்பது வட அமெரிக்கக் கரைக்கு வைக்கிங்குகள் வைத்த பெயர். வின்லாந்து வரைபடம் என்று ஒன்றை 1965-இல் யேல் பல்கலைக்கழகம் வெளியிட்டது, கொலம்பஸ் தினத்துக்கு முந்தைய நாள் பார்த்து. 15-ஆம் நூற்றாண்டுத் தோலில் வட அமெரிக்கக் கரை! ஆனால் மையில் இருந்த டைட்டானியச் சேர்மம் 20-ஆம் நூற்றாண்டுச் சரக்கு. 2021 செப்டம்பரில் யேலே அது போலி என்று முடித்துவைத்தது. அடுத்த மாதமே வேறொரு முடிவு வந்தது. நியூஃபவுண்ட்லாந்தின் வடமுனையில் லான்ஸ் ஓ மெடோஸ் என்ற இடத்தில், உலோகக் கருவியால் வெட்டிய மரத்துண்டுகளின் வளையங்களை எண்ணி, மரம் வெட்டுப்பட்ட ஆண்டு 1021 என்று கண்டிருந்தார்கள். அந்த இடத்தை 1960-இல் கண்டுபிடித்தவர் நார்வேயின் ஹெல்கே இங்ஸ்டாட். அகழ்ந்து நிரூபித்தவர் அவர் மனைவி ஆன் ஸ்டீன் இங்ஸ்டாட். வின்லாந்துப் பயணத்தைப் பற்றிய பழைய ஐஸ்லாந்துக் கதைகளில் சொன்ன கரையோர அடையாளங்களை மனத்தில் வைத்துக்கொண்டு, ஊர் ஊராக, இங்கே பழைய மேடு ஏதாவது உண்டா என்று மீனவர்களிடம் விசாரித்துக்கொண்டே போனார் ஹெல்கே. ஒருவர் கூட்டிப்போய்க் காட்டினார். மறுபடியும் காது.

கிழக்குப் பக்கம் கதைகள் குறைவு, அங்கே பேசுவது வெள்ளி. 1999-இல் சுவீடனின் கோட்லாந்து தீவில் ஸ்பில்லிங்ஸ் பண்ணையில் 67 கிலோ வெள்ளி தோண்டி எடுத்தார்கள். அதில் நாணயங்கள் மட்டும் 14,000-க்கு மேல், பெரும்பாலும் அரபு திர்ஹம்கள். அந்த நாணயங்களில் ஒரு வசதி, அடித்த ஊரும் ஆண்டும் அவற்றிலேயே எழுதியிருக்கும். சுவீடனில் கிடைத்த திர்ஹம்களுக்கு இப்படிப் புள்ளி வைத்துக்கொண்டே போனால் பாக்தாத் வரும், சமர்கண்ட் வரும். ஆனால் நாணயத்துக்குப் பிறந்த இடமும் புதைந்த இடமும்தான் தெரியும். நடுவில் எத்தனை கை மாறியது என்பதை அது சொல்லாது.

கடைசியாக ஒரு புள்ளி. ஸ்டாக்ஹோமுக்கு மேற்கே ஓர் ஏரியில் ஹெல்கோ என்று ஒரு தீவு. 1956-இல் அங்கே அகழ்ந்தபோது பத்து சென்டிமீட்டரைத் தொடாத ஒரு வெண்கல புத்தர் கிடைத்தார். தாமரைமேல் அமர்ந்த கோலம். வார்த்தது காஷ்மீர், ஸ்வாத் பள்ளத்தாக்குப் பக்கம், 6-ஆம் நூற்றாண்டு வாக்கில். அதே தீவில் ஐரிஷ் ஆயர் ஒருவருடைய கைத்தடியின் தலைப்பகுதியும், எகிப்திலிருந்து போன அகப்பை ஒன்றும் கிடைத்தன. என் கையிலுள்ள அட்லஸில் அந்த புத்தருக்கு இரண்டு புள்ளிகள் வைத்திருக்கிறார்கள், ஸ்வாத்தில் ஒன்று, ஹெல்கோவில் ஒன்று. நடுவில் அம்பு போடவில்லை. இந்தப் பக்கத்தைத்தான் நான் அடிக்கடி திருப்பிப் பார்க்கிறேன்.

வணக்கம்.