ஊற்றுக்களியில் உப்பு ஏன் போடுவதில்லை? நேயர் கேள்விக்கு விளக்கம்

குடியாத்தத்திலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். "அக்கா, உங்கள் மணலர் கதையில் ஆறழைப்பு நாளன்று ஊற்றுக்களி கிண்டுகிறார்கள். அந்தச் சின்னப் பெண் அதில் ஒரு சிட்டிகை உப்பு போட்டதும் ஊரே உட்கார்ந்து அழுகிறது. உப்புக்குப் போய் இவ்வளவா? அப்புறம், நீங்கள் வேலூர்க்காரர்தானே, பிரியாணி மாதிரி ஒன்றை வைத்திருக்கலாமே, ஏன் களி?" நல்ல கேள்வி தம்பி. பிரியாணியில் ஆரம்பித்தால்தான் உப்புக்கு வர முடியும்.

கதை கேட்காதவர்களுக்காக இரண்டு வரி. மணலர் நான் கற்பனையில் உண்டாக்கிய மக்கள். வற்றிப்போன ஒரு பெரிய ஆற்றின் இரு கரையிலும் வாழ்கிறார்கள். ஆறு செத்துவிட்டது என்று சொல்ல மாட்டார்கள், வெளியூர் போயிருக்கிறது என்பார்கள். ஆண்டுக்கு ஒரு நாள் ஆற்று மணலில் கூடி அதை வீட்டுக்கு அழைப்பார்கள். அன்றைக்குக் கிண்டுவது ஊற்றுக்களி. வீட்டுக்கு ஒரு பிடி கருமணி என்ற தானியம், எல்லாவற்றையும் ஒரே உரலில் கொட்டி இடிப்பார்கள். மணலில் கையால் தோண்டிய ஊற்றுத் தண்ணீர்தான் ஊற்ற வேண்டும். உப்பு கூடாது. முதல் உருண்டையை அதே ஊற்றில் இட்டு மணலால் மூடிவிடுவார்கள்.

இப்போது பிரியாணி. ஆம்பூரில் சீரகச் சம்பாவில் செய்து எண்ணெய்க் கத்திரிக்காயோடு வைக்கிறார்களே, அது விருந்து. விருந்தில் வந்தவருக்கு வாய் மணக்க வேண்டும், வயிறு நிறைய வேண்டும். சமைப்பவர் இன்றைக்குக் கொஞ்சம் காரம் கூட்டலாம், நாளைக்குக் குறைக்கலாம், யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். படையல் அப்படியில்லை. அதில் ருசி பின்னால்தான், முறைதான் முன்னால். மணலருக்கு எனக்கு விருந்துச் சாப்பாடு தேவைப்படவில்லை, படையல் தேவைப்பட்டது. படையல் எப்படி இருக்கும் என்று நான் எங்கேயும் போய்த் தேட வேண்டியதில்லை. ஆடி மாதம் எங்கள் தெருவிலேயே நடக்கும்.

அம்மனுக்குக் கூழ் வார்க்கும் நாளைப் பார்த்திருப்பீர்கள். காலையிலேயே பானைக்கு மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, வாயில் வேப்பிலை கட்டி, ஒவ்வொரு வீட்டிலிருந்தும் தலையில் சுமந்து கொண்டுவருவார்கள். கோயில் முன்னால் பெரிய அண்டா இருக்கும். ஒரு வீட்டுக் கூழ் தண்ணியாக இருக்கும். ஒரு வீட்டுக் கூழில் நொய் தூக்கலாக இருக்கும், ஊற்றும்போது தொப் தொப்பென்று விழும். ஒரு வீட்டில் புளிப்பு ஏறியிருக்கும், கிட்டே போனாலே மூக்குக்குத் தெரியும். எல்லாம் ஒரே அண்டாவில் விழுந்து கலந்ததும், அப்புறம் யார் வீட்டுக் கூழ் எது என்று அம்மனே வந்தாலும் பிரிக்க முடியாது. அந்தச் சொம்பு கூழை வாங்கிக் குடிக்கும்போது நாம் ஊர் முழுவதையும் குடிக்கிறோம் என்று சின்ன வயதில் எனக்குத் தோன்றும். மணலரின் ஒரே உரல் அங்கிருந்து வந்ததுதான்.

கேழ்வரகையே கருமணிக்கு மாதிரியாக எடுத்துக்கொண்டதற்கும் காரணம் உண்டு. கேழ்வரகைப் பூச்சி லேசில் தொடாது, பத்திரமாக வைத்தால் ஆண்டுக்கணக்கில் கிடக்கும். மழை பொய்த்தாலும் குதிரில் ஒரு மூலையில் அது இருக்கும். பஞ்சத்தைப் பார்த்த மக்கள் சாமிக்கு முன்னால் எதைக் கொண்டுபோய் வைப்பார்கள்? தங்களைக் காப்பாற்றியதைத்தானே.

ஊற்று பாலாற்றிலிருந்து வந்தது. நந்தி மலையில் புறப்பட்டு மூன்று மாநிலம் கடந்து கடலுக்குப் போகிற ஆறு, மொத்தம் 348 கிலோமீட்டர், அதில் 222 கிலோமீட்டர் நம் தமிழ்நாட்டில். ஆனால் எங்களுக்கு அது பெரும்பாலும் மணல்தான். முழங்கை ஆழம் தோண்டிவிட்டுக் காத்திருந்தால் முதலில் கலங்கல் ஊறும். அதைக் கொட்டாங்கச்சியால் இறைத்து வெளியே விட வேண்டும். இரண்டு மூன்று தடவை இறைத்த பிறகு ஓரத்திலிருந்து தெளிந்த தண்ணீர் மெல்லக் கசியும். அவசரப்பட்டால் குழி சரிந்துவிடும். 2021 நவம்பரில் அந்த ஆறு இரு கரையும் தொட்டு ஓடியது. பாலத்தின் மேல் எனக்குப் பக்கத்தில் ஒரு பாட்டி நின்றிருந்தார். கையெடுத்துக் கும்பிட்டு, "வந்துட்டியாம்மா" என்றார், ஊருக்குப் போன மகளிடம் கேட்பது போல. அந்த ஒரு சொல்லில்தான் எனக்கு ஆறழைப்பு முழுவதும் கிடைத்தது.

சரி, உப்பு. மூன்றாம் பகுதியில் கிழவி ஒருத்தி போகிறபோக்கில் சொல்வாள், தம்பி அதைத் தவறவிட்டிருப்பார் என்று நினைக்கிறேன். மணலருக்கு உப்பு ஆற்று வழியாகப் படகில்தான் வந்துகொண்டிருந்தது. ஆறு வற்றிய முதல் ஆண்டு படகு வரவில்லை, அந்த ஆண்டுக் களியில் உப்பும் இல்லை. "ஆறு வந்து கொடுக்கட்டும், அதுவரை இந்தக் களிக்கு உப்பு வேண்டாம்" என்று வைராக்கியமாகச் சொல்லிவிட்டார்கள். இப்போது வண்டி வண்டியாக உப்பு வருகிறது, தினமும் சமையலில் போடுகிறார்கள், அன்றைக்கு மட்டும் போட மாட்டார்கள். படையலில் இருக்கும் ஒவ்வொரு 'கூடாது'க்குள்ளும் ஏதோ ஓர் ஆண்டில் இல்லாமல் போன ஒன்று இருக்க வேண்டும் என்று நான் உறுதியாக நம்புகிறேன். கதை எழுதுகிற நிறையப் பேர் நீலநிறப் பழம், பறக்கும் மீன் என்று பொருளைத் தேடுகிறார்கள். பொருள் எதுவாகவும் இருக்கட்டும், அந்த மக்களுக்கு ஒரு காலத்தில் எது கிடைக்காமல் போனது என்று முதலில் முடிவு செய்யுங்கள்.

அந்தப் பெண் தெரியாமல் உப்பு போடவில்லை. அன்று ஊற்றில் தண்ணீர் மொள்ளப் போனவள் அவள். கலங்கல் இறைக்கத் தேவையில்லாமல் குழி தானாக நிரம்புவதை அவள் ஒருத்திதான் பார்த்தாள். வந்து யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை, ஒரு சிட்டிகை உப்பை எடுத்துப் போட்டாள். அவள் சொன்ன சேதி அது. பெரியவர்களுக்குத்தான் முதலில் புரிந்தது, அதனால்தான் அவர்கள் முதலில் உட்கார்ந்தார்கள். கோபத்தில் யாரும் அழவில்லை தம்பி.

உங்கள் ஊர் கெங்கையம்மன் சிரசுத் திருவிழாவுக்கும் இதில் பங்கு உண்டு. வைகாசி முதல் நாள் அந்தக் கூட்டத்தில் நின்றபோதுதான் அந்தத் திருவிழாவுக்குப் பின்னால் இருக்கும், பரசுராமரின் தாய் ரேணுகாவின் கதையை முழுமையாகக் கேட்டேன். சுடாத மண்ணில் தினமும் குடம் வனைந்து அதில் ஆற்றுத் தண்ணீர் கொண்டுவந்தவள் அவள். மனம் ஒரு நொடி கலைந்ததும் குடமும் கலைந்தது. தண்ணீர் கொண்டுவருகிறவள் கையில் இவ்வளவு பொறுப்பா என்று அன்றைக்கு எனக்கு உறைத்தது. அதனால்தான் என் கதையில் பூசாரி யாரும் இல்லை, தண்ணீர் எடுப்பவளுக்குத்தான் முதல் உரிமை.

வீட்டில் செய்து பார்க்கலாமா என்றும் கடைசியில் கேட்டிருக்கிறார். தாராளமாகச் செய்யலாம், நம் கேழ்வரகுக் களிதான். மாவில் ஒரு கைப்பிடியை மட்டும் முதல் நாள் இரவே கரைத்துப் புளிக்க விடுங்கள். மறுநாள் நொய்யைக் குழைய வேகவைத்து, புளித்த கரைசலை ஊற்றி, கொதி வந்ததும் மீதி மாவைக் கொட்டி, மூடிப் போட்டுக் கொஞ்ச நேரம் விட்டு, அப்புறம் துடுப்பால் கட்டி தட்டாமல் கிண்டுங்கள். கையை நனைத்துக்கொண்டு தொட்டுப் பாருங்கள், ஒட்டாமல் வந்தால் வெந்துவிட்டது. முதல் தடவை உப்பில்லாமல் ஒரு வாய் சாப்பிடுங்கள், கேழ்வரகின் இனிப்பு மெல்லத் தெரியும். பிறகு முருங்கைக்கீரையோ கருவாட்டுக் குழம்போ உங்கள் விருப்பம்.

அடுத்த கேள்வி ஆரணியிலிருந்து வந்திருக்கிறது, அதைப் பார்ப்போம்.